கிறேஸின் காணியில் ஓர் அடிக்கல்

திருகோணமலை முன்னேறுகிறதா இல்லையா என்று அறிய கொழும்பிலிருந்து வருகிறவர்கள் கச்சேரியில் போய் அரசாங்க அதிகாரிகளிடம் விசாரிப்பார்கள். பேணாட்டிடம் கேட்டிருந்தால் அலைச்சல் மிச்சம். கொட்டகை, கதிரை, மைக் எல்லாம் வாடகைக்குக் கொடுக்கிறவர் அவர். கலியாணம், செத்தவீடு, கோயில் திருவிழா ஆகியவற்றைக் கழித்துவிட்டால் அவர் தொழிலில் மிச்சம் முழுக்க அபிவிருத்திதான்.

அபிவிருத்திக்கு முதலில் வேண்டியது கொட்டகை. அதற்குள் வெள்ளைத் துணி போர்த்த பிளாஸ்ரிக் கதிரைகள், முன்வரிசைக்கு மட்டும் மெத்தைக் கதிரைகள், நாடா வெட்டக் கத்தரிக்கோல், அதை வைக்க ஒரு தட்டம், கடைசியாக மங்கல விளக்கு. பேணாட்டின் விளக்கு நெஞ்சளவு உயரப் பித்தளை. அதன் உச்சித் தலையைக் கழற்றி வேறு தலை பூட்டலாம். சேவல் தலை, சிலுவைத் தலை, அன்னத் தலை, ஒன்றுமில்லாத மொட்டைத் தலை என்று நாலும் ஒரு பிஸ்கட் பெட்டிக்குள் இருக்கும். வருகிற பிரமுகர் என்ன சமயம் என்று விசாரித்து அதற்கேற்ற தலையைப் பூட்டுவார். கலப்பாக வந்தால் மொட்டைத் தலை. ஒருமுறை வெளிநாட்டுக் குழு ஒன்றுக்குச் சேவலைப் பூட்டிவிட்டார். கோழிப் பண்ணைக்கா எங்களைக் கூட்டிவந்தீர்கள் என்று அவர்கள் கேட்டார்களாம்.

இத்தனை வருடத்தில் அவர் கொட்டகை போட்ட திட்டங்களில் பாதிக்கு மேல் கொட்டகையோடு சரி. சீனி ஆலை என்றார்கள், கப்பல் திருத்துகிற இடம் என்றார்கள், கண்ணாடித் தொழிற்சாலை என்றார்கள். நாட்டிய கல்லைச் சுற்றி எருக்கலை முளைத்ததுதான் கண்ட பலன். பேணாட்டுக்கு அதில் மனவருத்தம் ஒன்றும் கிடையாது. தொழிற்சாலை வந்தால் ஒருமுறைதான் திறப்பார்கள். வராவிட்டால் ஒவ்வொரு அரசாங்கமும் வந்து ஒவ்வொரு முறை தொடங்கும். வராத தொழிற்சாலையால் பிழைத்த குடும்பம் ஊரில் இருக்கிறதென்றால் அது பேணாட்டின் குடும்பம்தான்.

ஐம்பத்தெட்டு வயது மனிதர். மனைவி கிறேஸ், ஒரே மகள் மெலனி. பாலையூற்றில் வாடகை வீடு. ஊர் முழுக்க வாடகைக்குக் கொடுக்கிறவர் தானும் வாடகைக்குத்தான் இருக்கிறார் என்று கோயிலடியில் பகிடி பண்ணுவார்கள். கிறேஸுக்கு அந்தப் பகிடி பிடிக்காது. அவளுக்குச் சொந்த வீடு இருந்தது. உட்குடாவின் மறுகரையில், சிப்பித்துறை என்ற சின்ன ஊரில், தாய் சீதனமாகக் கொடுத்த அரை ஏக்கர் மேட்டுக் காணியும் கல்வீடும் கிணறும். சண்டைக் காலத்தில் ஊரே எழும்பி ஓடியபோது இவர்களும் ஓடினார்கள். பிறகு போய்ப் பார்த்தபோது ஓடு, கதவு, ஜன்னல் என்று ஒவ்வொன்றாக யாரோ கழற்றிக் கொண்டுபோயிருந்தார்கள். கிணற்றைத் தூக்க ஏலாதபடியால் அது மட்டும் இருந்தது.

இந்தப் பக்கத்தில் பெண்பிள்ளை பெற்றவனுக்கு வீட்டைத் தவிர வேறு யோசனை கிடையாது. கலியாணத்துக்கு நகை குறையலாம், விருந்து குறையலாம், வீடு குறையக்கூடாது. மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குக் குடிவருவான். வருகிறவன் முற்றத்தில் நிற்க ஏலாதே. சைவர், முஸ்லிம்கள், எங்களைப்போல் கோயிலுக்குப் போகிற கிறிஸ்தவ வேதக்காரர் என்று காணிக்கும் கரைக்கும் சண்டை பிடிக்கிற ஊரில் இந்த ஒரு விஷயத்தில் மட்டும் எல்லோரும் ஒற்றுமையாக இருந்தார்கள்.

மெலனிக்கு ஜக்சனைப் பேசியிருந்தது. கப்பலில் வேலை செய்கிற பொடியன். வருடத்தில் பெரும்பகுதி கடலில், லீவுக்கு மட்டும் கரைக்கு வருவான். இரண்டு பேரும் போனில் கதைத்து மனம் ஒத்துப்போய்விட்டார்கள். அவனுடைய தாய் திரேசம்மா கலியாணப் பேச்சுக்கு வந்து, தேத்தண்ணியை ஒரு மிடறு குடித்துவிட்டு, மிகவும் பெருந்தன்மையாகச் சொன்னா:

“எங்களுக்குச் சீதனமெண்டு ஒரு சதமும் வேண்டாம். நாங்கள் அப்படியான ஆக்கள் இல்லை. பிள்ளையள் இருக்க ஒரு வீடு. அவ்வளவுதான்.”

“ஓம், அது எங்கட கடமைதானே” என்றார் பேணாட். சிப்பித்துறைக் காணியில் மூன்று அறை வைத்துக் கட்டுவதாகவும், ஜக்சன் அடுத்த லீவுக்கு வருமுன் கூரை ஏறிவிடும் என்றும் வாக்குக் கொடுத்தார். வாக்கு வெறும் வாக்கு அல்ல. கல், மணல் ஏற்ற முனீப்பின் லொறி இருந்தது. முனீப் குறிஞ்சாக்கேணிக்காரன், கொட்டகைச் சாமான் ஏற்றி இறக்கி இருவரும் ஒருவரையொருவர் திட்டிக்கொள்ளும் அளவுக்குச் சிநேகம்.

அந்த வருடம்தான் குடாக்கரையைப் பொருளாதார வலயம் ஆக்கப்போகிற அரசாங்கம் வந்தது. சிப்பித்துறைக்குப் பின்னால் கிடந்த அரசாங்கத் தரிசு நிலத்தில் தொழிற்சாலைகள் வரும், கப்பல்கள் வரும், பத்தாயிரம் பேருக்கு வேலை வரும் என்று பத்திரிகைகள் எழுதின. அடிக்கல் நாட்டுகிற சுபநேரத்தைக் கொழும்பில் ஒரு சோதிடர் குறித்துக் கொடுத்தார். அது அடைமழை பெய்கிற கார்த்திகை மாதம் என்பதை அவர் கவனித்ததாகத் தெரியவில்லை. விழாவுக்கு முதல்நாள் பேணாட் கொட்டகைக் கால்களோடு போய் இறங்கியபோது தரிசு நிலம் முழங்காலளவு தண்ணீரில் நின்றது.

வலய அலுவலகத்து உத்தியோகத்தர் இராகுலன் காற்சட்டையை மடித்துவிட்டுக்கொண்டு தண்ணீருக்குள் நின்றார். திரியாய்ப் பக்கத்தில் வயல் செய்கிற கமக்காரக் குடும்பத்திலிருந்து படித்து வந்த மனிதர். நல்லவர்தான். ஆனால் இடமாற்றம் என்ற சொல்லுக்கு மட்டும் பயந்த நல்லவர்.

“அண்ணை, என்ன செய்யிறது? மினிஸ்டர் வெள்ளைச் சப்பாத்தோட வருவார்.”

“கொட்டகைக் காலே தாழுது சேர். கதிரையில இருந்தா ஆக்களும் தாழுவினம்.”

“இஞ்ச மேடு ஒண்டும் இல்லையே?”

“இருக்கு” என்றார் பேணாட். “அந்தா தெரியிறது எங்கட காணிதான். எவ்வளவு மழை பெய்தாலும் தண்ணி நிக்காது.”

இதைச் சொல்லும்படி அவரை ஒருவரும் வற்புறுத்தவில்லை. மேடு இல்லை என்று சொல்லியிருந்தால் விழா பள்ளிக்கூட மண்டபத்துக்குப் போயிருக்கும், அவ்வளவுதான். ஆனால் பேணாட்டின் மனம் அப்போது வேறு கணக்கில் ஓடிக்கொண்டிருந்தது. மினிஸ்டர் வருகிற இடத்துக்கு விடியுமுன் கிறவல் றோட்டு வரும். றோட்டு வந்தால் கரண்ட் கம்பி வரும். மெலனியின் வீட்டுக்கு இரண்டும் சும்மா கிடைக்கும். இன்னொன்றும் இருந்தது. ஊரில் நடந்த எல்லா விழாவிலும் கதிரைக்காரனாகவே நின்றவர், ஒருநாளாவது காணிக்காரனாக நிற்க ஆசைப்பட்டார். அந்த ஆசையை அவர் கடைசிவரை யாரிடமும் ஒப்புக்கொள்ளவில்லை.

“கல்லை எங்க வைச்சா என்ன, படத்தில ஒரே மாதிரித்தான் இருக்கும்” என்றார் இராகுலன். “பிறகு வெயில் காலத்தில இடம் மாத்தலாம்.”

அடிக்கல் வைப்பதற்கென்று பேணாட்டிடம் ஒரு முறை இருந்தது. குழிக்குள் மணலைப் போட்டுக் கல்லை இருத்தி, கரையோரமாக மட்டும் சீமெந்து பூசிவிடுவார். பார்க்கிறவனுக்கு மலை மாதிரி இருக்கும். அடுத்த அரசாங்கம் வந்து தூக்கச் சொன்னால் இரண்டு பேர் தூக்கலாம். யாருக்கும் பொல்லாப்பில்லை. ஆனால் அன்றைக்குக் குழி வெட்டியது சொந்தக் காணியில். சொந்தக் காணியில் அரைகுறை வேலை செய்ய அவருக்கு மனம் வரவில்லை. ஆழமாக வெட்டி, கம்பி கட்டி, வீட்டுக்கென்று முனீப் லொறியில் கொண்டுவந்து பறித்து வைத்திருந்த சல்லியையும் சீமெந்தையும் எடுத்துக் குழைத்துப் போட்டார். யானை தன் தலையில் தானே மண்ணை அள்ளிப் போடும் என்பார்கள். யானை போடுவது வெறும் மண். பேணாட் போட்டது சீமெந்து.

விழா நன்றாக நடந்தது. மினிஸ்டரின் சப்பாத்தில் ஒரு துளி சேறு படவில்லை. அவர் சாந்தகப்பையால் பேருக்கு ஒரு தட்டுத் தட்டிவிட்டு, இந்த மண்ணின் மக்கள் இனி வேலைக்காகக் கடல் கடக்கத் தேவையில்லை என்றார். எல்லோரும் கைதட்டினார்கள். பேணாட் கொஞ்சம் கூடுதலாகவே தட்டினார்.

கிறேஸிடம் அவர் இதைச் சொல்லியிருக்கவில்லை. இரவுச் செய்தியில் மினிஸ்டர் பேசிக்கொண்டிருந்தபோது அவள் குசினியிலிருந்து வந்து, கையைத் துடைத்தபடி டிவிக்குக் கிட்டப் போனாள்.

“இஞ்சேருங்கோ, அந்தாளுக்குப் பின்னால நிக்கிறது எங்கட கிணறு.”

பேணாட் விஷயத்தைச் சொன்னார். சொல்லி முடிந்ததும் அவள் டிவியை நிறுத்தினாள். அதுவே நல்ல சகுனம் இல்லை.

“அது என்ட அம்மா எனக்குத் தந்த காணி. நீங்கள் ஆரைக் கேட்டுக் குடுத்தீங்கள்?”

“குடுக்கேல்லை கிறேஸ், ஒரு நாளைக்குக் காட்டினது. கிறவல் றோட்டு வந்திருக்கு பாரும்.”

“றோட்டு வந்தா றோட்டால ஆக்களும் வருவினம்” என்றாள் கிறேஸ்.

வந்தார்கள். தை பிறந்ததும் நில அளவையாளர்கள் முக்காலியோடு வந்து, கல்லிலிருந்து அளக்கத் தொடங்கினார்கள். கல் எங்கே இருக்கிறது என்பது கொழும்புக்குத் தெரியும். அது ஏன் அங்கே போய்ச் சேர்ந்தது என்பது தெரியாது. கல்லை நடுவில் வைத்து வரைபடம் கீறினார்கள். வரைபடம் அரசாங்க வர்த்தமானியில் வந்தது. கிறேஸின் அரை ஏக்கர் வலயத்தின் நட்டநடுவில் விழுந்தது. தண்ணீர் நின்ற அந்தத் தரிசு நிலம் வலயத்துக்கு வெளியே போய், சதுப்புநிலப் பாதுகாப்புப் பகுதி ஆயிற்று. அங்கே இப்போது கொக்குகள் நிம்மதியாக நிற்கின்றன.

வலயத்துக்குள் தனியார் ஒரு செங்கல்லும் வைக்கக்கூடாது என்று பலகை நட்டார்கள். கேற்றுப் போட்டுக் காவல்காரன் ஒருவனை வைத்தார்கள். கிணற்றை மூடினார்கள், யாராவது விழுந்துவிடக்கூடாதாம். பேணாட் இராகுலனிடம் ஓடினார்.

“சேர், கல்லை மாத்தலாமெண்டு சொன்னீங்கள்.”

“அண்ணை, மினிஸ்டர்ட பேர் வெட்டின கல்லு. அதை நான் மாத்தினா என்னை மாத்திப்போடுவினம். நட்டஈடு தருவினம், பொறுங்கோ.”

“எப்ப?”

“திட்டம் தொடங்கினாப் பிறகு.”

ஒரு நாள் முனீப்பையும் கூட்டிக்கொண்டு, கல்லைக் கெம்ப இரும்பு அலவாங்கோடு காணிக்குப் போனார். பட்டப்பகலிலேயே போனார்கள். அந்த லொறி வந்தால் ஏதோ விழா வருகிறது என்றுதான் காவல்காரன் நினைப்பான். நினைத்தான், கேற்றைத் திறந்தும் விட்டான். கல்லைப் பிடுங்கிப் பள்ளத்துத் தண்ணீருக்குள் போட்டுவிட்டால், அளக்க வந்தவர்கள் மறுபடி எங்கேயிருந்து அளப்பது என்று குழம்புவார்கள் என்பது பேணாட்டின் யோசனை. மத்தியானம்வரை இருவரும் மாறிமாறிக் கெம்பினார்கள். அலவாங்கு வளைந்தது. கல் அசையவில்லை. முனீப் நிலத்தில் குந்தி, வேர்வையைத் துடைத்தான்.

“அண்ணன், இது ஆரு நாட்டின கல்லு?”

“தெரியாதே உனக்கு? மினிஸ்டர்.”

“மினிஸ்டர் நாட்டியிருந்தா இப்ப கழண்டு வந்திருக்கும். இது நீங்க நாட்டினது.”

பேணாட் வளைந்த அலவாங்கைத் தூக்கிக்கொண்டு லொறியில் ஏறினார். முனீப் வழி நெடுக அதைப்பற்றிப் பிறகு பகிடி பண்ணவில்லை, அந்த அளவுக்கு அவனுக்கு மனிதத்தன்மை இருந்தது.

கிறேஸ் வேறு வழியில் போனாள். தாயின் உறுதிப் பத்திரத்தைப் பிரதி எடுத்து, காணி முறைப்பாடு கொடுத்து, விசாரணை விசாரணையாகக் குடையோடு பஸ் ஏறிப் போய்வந்தாள். ஒவ்வொரு தடவையும் ஒரு புது ஐயா இருப்பார். அவருக்கு முதலிலிருந்து சொல்லவேண்டும். அவள் அலுக்காமல் சொன்னாள். அவள் பேச்சில் பேணாட்டின் பெயர் வராது. “எங்கட ஆக்களில ஒருத்தர் தெரியாமச் செய்த வேலை” என்று மட்டும் சொல்லுவாள். அது திட்டு வாங்குவதைவிட அவருக்கு உறைத்தது.

நாட்டில் காசு முடிந்து, பெற்றோலுக்கு வரிசை நின்ற வருடம் வந்தது. கப்பல் வந்ததோ இல்லையோ, அரசாங்கம் போயிற்று. வலயத்துக்கு வந்திருந்த கம்பனியும் போயிற்று. கிறேஸ் நன்றிக்கு மாதாவுக்கு மெழுகுதிரி கொளுத்தினாள். ஆனால் புது அரசாங்கம் வலயத்தைக் கைவிடவில்லை. பழைய வரைபடத்தை எடுத்துத் தூசு தட்டி, வேறொரு நாட்டுக் கம்பனியைக் கூட்டிவந்து, பழைய கல்லுக்குப் பக்கத்தில் புதுக் கல் நாட்டியது. கொட்டகை பேணாட்டினுடையதுதான். தொழில் தொழில்தானே. இந்த முறை மணலில்தான் இருத்தினார். இரண்டாவது கல் அடுத்த மழைக்கே சரிந்து விழுந்தது. முதலாவது மட்டும் ஆடாமல் நின்றது.

இதற்கிடையில் ஜக்சனின் லீவுகள் வந்து வந்து போயின. சீமெந்து விலை ஏறிவிட்டது, ஓடு இல்லை, மேசன்மார் வெளிநாடு போய்விட்டார்கள் என்று ஒவ்வொரு முறையும் பேணாட் ஒவ்வொன்று சொன்னார். எல்லாம் உண்மை. ஆனால் காணியே கையில் இல்லை என்ற உண்மையை மட்டும் சொல்லவில்லை. திருகோணமலையில் அது எத்தனை நாளைக்கு மறையும்? திரேசம்மா ஜக்சனையும் கூட்டிக்கொண்டு வந்தா. இந்த முறை தேத்தண்ணியைத் தொடவில்லை.

“உங்களில கோபமில்லை. ஆனா என்ட பிள்ளை வந்து எங்க இருக்கிறது? நாளைக்கு நீங்கள் இருக்கிற வாடகை வீட்டிலயிருந்து எழுப்பினா, அவனும் சேர்ந்து பாயைச் சுருட்டுறதே? அடுத்த லீவுக்கு முதல் ஒரு முடிவு சொல்லுங்கோ. வேற இடத்திலயும் கேட்டு வருகினம்.”

ஜக்சன் நிலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். கப்பலில் புயலுக்குள் வேலை செய்கிறவன்தான், ஆனால் தாய்க்கு முன்னால் வாய் திறக்கிற தைரியம் அவனுக்கு இல்லை. உள்ளறையில் மெலனி அலுமாரிக் கதவைத் திறந்து மூடுகிற சத்தம் கேட்டது. அவளுக்கு முப்பது நெருங்கிக்கொண்டிருந்தது. அவள் ஒருநாளும் தகப்பனை ஒரு சொல் சொன்னதில்லை. அதனாலேயே அவர் அவளுடைய முகத்தைப் பார்த்துக் கதைப்பதை விட்டிருந்தார்.

மாதா திருவிழாவுக்குக் கொட்டகை போட்டுக்கொண்டிருந்தபோது இராகுலன் மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கினார். அவரும் இத்தனை நாளாக நன்றாக நித்திரை கொள்ளவில்லை போலிருந்தது.

“அண்ணை, வலயத்தில ஒரு தகவல் நிலையம் வருகுது. முதலீட்டாக்கள் வந்தா விளக்கம் சொல்ல ஒராள் வேணும். மெலனி இங்கிலிஷ் படிச்ச பிள்ளைதானே. நான் பேர் போட்டிருக்கிறன். நிரந்தர நியமனம்.”

“அங்கதான் கட்டடம் கட்ட ஏலாதே சேர்?”

“அந்தச் சட்டம் எங்களுக்கும்தான். அதால துறைமுகத்திலயிருந்து ஒரு கொன்ரெய்னர் எடுத்து வைக்கப்போறம். உள்ளுக்கு ஏசி போடுவம்.” இராகுலன் கொட்டகைக் கயிற்றைப் பிடித்து இழுத்துப் பார்த்தார். இறுக்கமாகத்தான் இருந்தது. “ஒரே ஒரு பிரச்சினை. வலயத்துக்கு எதிரா முறைப்பாடு நிக்கிற குடும்பத்துக்கு வேலை குடுக்க ஏலாது. கிறேஸ் அக்கா அதைத் திருப்பி எடுத்தா…”

பேணாட் வீட்டுக்குப் போகிற வழியில் இரண்டு தரம் திரும்பிப் போக நினைத்தார். வீட்டில் சொல்லாமல் விட்டால் அதுவும் இன்னொரு பிழை. கிறேஸ் குசினி வாசலில் இருந்து மீன் வெட்டிக்கொண்டிருந்தாள். மெலனி தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள். இருவருக்கும் முன்னால் நின்று அவர் எல்லாவற்றையும் சொன்னார். இந்த முறை ஒன்றையும் மறைக்கவில்லை.

“எனக்கு வேண்டாம்” என்றாள் மெலனி உடனே. “அம்மா, நீங்கள் முறைப்பாட்டை விடாதீங்கோ. ஜக்சன் வீட்டாக்கள் வராட்டி வராமப் போகட்டும்.”

கிறேஸ் மீனைக் கழுவி எடுத்தாள். “திரேசம்மா என்ன சொல்லுவா?” என்று கணவனைக் கேட்டாள்.

“நிரந்தர வேலையெண்டா வாடகை வீட்டுக்கும் சம்மதிப்பாவாம். நான் வழியில கேட்டனான், ஜக்சன் போனில சொன்னவன்.”

அரசாங்க உத்தியோகம் ஒரு வீட்டுக்குச் சமன் என்பது அந்த ஊரின் பழைய விலை. மூன்று அறை வீட்டுக்கே சமன் என்பாரும் உண்டு.

“அப்ப சரி” என்றாள் கிறேஸ். “அம்மா எனக்குத் தந்தது. நான் உனக்குத் தாறது. வேற ஆருக்காக அந்தக் காணி? சீதனம் சீதனமாத்தான் போகுது. மாப்பிள்ளை வீட்டுக்குப் போகாம அரசாங்கத்துக்குப் போகுது.”

பேணாட் ஏதோ சொல்ல வாயெடுத்தார்.

“நீங்கள் கதைக்காதீங்கோ” என்றாள் அவள். “அண்டைக்கு நீங்கள் கேக்காமக் குடுத்தீங்கள். இண்டைக்கு நான் தெரிஞ்சு குடுக்கிறன். இரண்டும் ஒண்டில்லை.”

அன்றைக்குச் சமைத்த மீன் குழம்பை மூன்று பேரும் சாப்பிட்டார்கள். ஒருவரும் உப்புக் காணாது என்று சொல்லவில்லை. உண்மையில் உப்புப் போட மறந்திருந்தாள். அடுத்த நாள் குடையை எடுத்துக்கொண்டு தனியாகவே பஸ் ஏறிப் போய், முறைப்பாட்டைத் திருப்பி எடுத்துக்கொண்டு வந்தாள்.

கோயிலில் கலியாண ஓலை வாசித்தார்கள். கலியாணம் நடந்தது. முனீப் லொறியைக் கழுவி, பூமாலை போட்டுக் கொண்டுவந்து நிறுத்தினான். மெலனியும் ஜக்சனும் இரண்டு ஒழுங்கை தள்ளி ஒரு வாடகை வீட்டில் குடியேறினார்கள். திரேசம்மா எல்லோரிடமும் மருமகள் அரசாங்க உத்தியோகம் என்று சொன்னா. எங்கே வேலை என்று கேட்டவர்களுக்கு, சிப்பித்துறையில், ஏசி அறைக்குள் என்றா. அதுவும் பொய்யில்லை. பெண்ணுக்கு அந்தக் காணியில் கடைசியில் ஒரு கூரை கிடைக்கத்தான் செய்தது, காலையில் திறந்து பின்னேரம் பூட்டுகிற கூரை. பத்தாயிரம் வேலைவாய்ப்பில் வந்துசேர்ந்த இரண்டாவது வேலை அது. முதலாவது காவல்காரனுடையது. இன்றுவரை மூன்றாவது வரவில்லை.

போன மாசி மாதம் முதலீட்டாளர் குழு ஒன்று வந்தது. பேணாட் கொட்டகை போட்டார். கிறேஸ் மகளுக்குச் சாப்பாடு கொண்டுவந்திருந்தாள். மெலனிக்கு அது ஐந்தாம் மாதம். காலையில் ஒன்றும் இறங்காது, மத்தியானம் அம்மாவின் சோறுதான் கொஞ்சம் இறங்கும். முறைப்பாட்டைத் திருப்பி எடுத்த பிறகு கிறேஸ் அந்தக் காணிக்குள் கால் வைத்தது அன்றைக்குத்தான். அவள் நாலு பக்கமும் பார்க்கவில்லை. நேரே போய்க் கடைசி வரிசையில் ஒரு கதிரையில் இருந்தாள்.

மெலனி சேலையில், கையில் ஒரு கோலோடு, வரைபடத்துக்கு முன்னால் நின்று விளக்கிக்கொண்டிருந்தாள். எந்த இடத்தில் இறங்குதுறை, எந்த இடத்தில் களஞ்சியம், எந்த இடத்தில் உத்தியோகத்தர் விடுதி. பேணாட் மைக் வயரைப் பிடித்தபடி பக்கத்தில் நின்றார். இத்தனை வருட விழாக்களில் அவருக்கு ஆங்கிலம் ஓரளவு விளங்கப் பழகியிருந்தது. வந்தவர்களில் வயதான ஒருவர் கையை உயர்த்தினார். மரியாதையான மனிதர். இந்த நிலத்தில் முன்பு யாராவது குடியிருந்தார்களா, யாருக்காவது இதில் உரிமை இருக்கிறதா என்று கேட்டார். வேறு நாட்டில் அப்படி ஒரு காணியை வாங்கித் தான் கஷ்டப்பட்டதாகவும் சொன்னார்.

இராகுலன் தொண்டையைச் செருமினார். மெலனி கோலைக் கீழே இறக்கினாள். ஒரு கணம் தகப்பனைப் பார்த்தாள். திட்டுவதற்காகப் பார்க்கவில்லை. சின்ன வயதில் பள்ளிக்கூட மேடையில் பாட்டு மறந்தபோது பார்த்த அதே பார்வை. பேணாட் தலையைக் குனிந்துகொண்டார்.

“இல்லை சேர்” என்றாள் மெலனி ஆங்கிலத்தில். “ஒருவரும் இருந்ததில்லை. ஒருவருக்கும் உரிமை இல்லை. இது வெறும் காணி.”

பெரியவர் திருப்தியாகத் தலையாட்டினார். பேணாட் வயரை விட்டுவிட்டு, யாருக்கும் முகம் காட்டாமல் கடைசி வரிசைக்கு வந்தார். கிறேஸுக்கு ஆங்கிலம் விளங்காது. மகளையே பார்த்துக்கொண்டிருந்தவள் அவர் பக்கம் சாய்ந்தாள்.

“அந்த ஐயா என்ன கேட்டவர்?”

பொய் சொல்லலாம் என்று ஒரு எண்ணம் வந்தது. ஒருமுறை சொல்லாமல் விட்டதன் பலனை அனுபவித்த மனிதர் அவர்.

“காணி ஆருட எண்டு கேட்டவர்.”

“பிள்ளை என்ன சொன்னவள்?”

“ஒருத்தருடையதும் இல்லையெண்டு.”

கிறேஸ் மடியில் இருந்த சாப்பாட்டுப் பெட்டியின் மூடியை ஒருமுறை அழுத்திப் பார்த்தாள்.

“நாக்குத் தடக்காமச் சொன்னவளோ?”

“ஓம்” என்றார் பேணாட். “தடக்கேல்லை.”

“அப்ப வேலைக்குக் குறை வராது” என்றாள் கிறேஸ். அவளுடைய கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்தது. அவள் துடைக்கவில்லை.

வந்தவர்கள் வாகனத்தில் ஏறிப் போனார்கள். பேணாட் கதிரைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, முனீப்பின் லொறியில் ஏற்றத் தொடங்கினார். கொட்டகையும் கழற்றியாயிற்று. வெயிலுக்குள் ஒரே ஒரு கதிரை மட்டும் மிச்சம் நின்றது. மகள் கொன்ரெய்னரைப் பூட்டிக்கொண்டு வெளியே வரும்வரை கிறேஸ் அதில் இருந்தாள். லொறியை எடுக்க நேரமாகிறது என்று முனீப்பும் சொல்லவில்லை, பேணாட்டும் அவளை எழும்பச் சொல்லவில்லை.